மணிக்கு ஊசி போட்ட பிறகு: இதயப்புழு மருந்தின் பக்கவிளைவுகளை வீட்டில் கையாள்வது எப்படி?

மணியை நாய்க் காப்பகத்திலிருந்து அழைத்துவந்த நாளில் அவனோடு ஒரு மஞ்சள் தாளும் வந்தது. வயது சுமார் 4, எடை 28 கிலோ, தடுப்பூசிகள் முடிந்தன என்ற வரிகளுக்குக் கீழே 'ஹார்ட்வார்ம் பாசிட்டிவ்', அதாவது இதயப்புழு இருக்கிறது, என்று எழுதி வட்டமிட்டிருந்தார்கள். ஊரில் நாய் வளர்த்த எங்கள் குடும்பத்துக்கு உண்ணி தெரியும், வெறிநோய்த் தடுப்பூசி தெரியும், குடற்புழு மருந்து தெரியும். கொசு கடித்து நாயின் இதயத்தருகே ஒரு சாணுக்கும் மேல் நீளமான புழு வளரும் என்பதை ஹூஸ்டனுக்கு வந்த பிறகுதான் தெரிந்துகொண்டோம். அமெரிக்காவில் இந்த நோய் மிக அதிகமாக இருப்பது மெக்ஸிகோ வளைகுடாக் கரையிலும் மிசிசிப்பி ஆற்றுப் படுகையிலும்தான்.

அடுத்த ஓராண்டு மாத்திரை, ஊசி, கூண்டு, காத்திருப்பு என்று போனது. அதில் கற்றதைப் புதிதாக நாயோ பூனையோ வளர்க்கத் தொடங்கியவர்களுக்காக வரிசையாக எழுதுகிறேன். எந்த மருந்து, எவ்வளவு என்பதை முடிவு செய்ய வேண்டியவர் உங்கள் கால்நடை மருத்துவர். அவர் மருந்தைக் கொடுத்து அனுப்பிய பிறகு வீட்டில் கழியும் நாட்கள் நம் பொறுப்பு. இந்தக் கட்டுரை அந்த நாட்களைப் பற்றியது.

முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். இதயப்புழு மருந்தின் பக்கவிளைவு என்று நாம் அஞ்சுகிறவற்றில் மிகக் கொடியவை பெரும்பாலும் மருந்தால் வருவதில்லை, செத்த புழுவால் வருகின்றன. மருந்து தன் வேலையைச் செய்துவிடுகிறது. செத்த புழுவை நாயின் உடம்பு கரைத்து வெளியேற்ற வேண்டும். அப்போது உடம்பு படும் பாட்டைத்தான் நாம் பார்க்கிறோம். இது புரிந்தபின் எதற்குப் பொறுத்திருக்கலாம், எதற்கு நள்ளிரவிலும் காரை எடுக்க வேண்டும் என்பது எனக்குத் தெளிவாகியது.

எந்த மருந்து எதைக் கொல்கிறது?

டைரோஃபைலேரியா இம்மிடிஸ் என்ற இந்தப் புழுவின் இளம்பருவம் கொசுக்கடி வழியாக நாயின் தோலுக்குள் நுழைகிறது. முழுப் புழுவாக வளர ஆறு மாதங்களுக்கு மேலாகும். வளர்ந்தபின் நுரையீரலுக்குப் போகும் தமனிகளிலும் இதயத்திலும் 5 முதல் 7 ஆண்டுகள் வரை வாழும். அது ஈனும் கண்ணுக்குத் தெரியாத குஞ்சுகள், அதாவது மைக்ரோஃபைலேரியாக்கள், இரத்தத்தில் மிதந்து அடுத்த கொசுவுக்காகக் காத்திருக்கும்.

மாதந்தோறும் கொடுக்கும் தடுப்பு மருந்துகளான ஐவர்மெக்டின், மில்பெமைசின், மாக்ஸிடெக்டின், செலமெக்டின் ஆகியவை கடந்த ஒரு மாதத்தில் நுழைந்த இளம்பருவத்தைக் கொல்பவை. வளர்ந்த புழுவைக் கொல்ல மெலார்சோமின் ஊசி இருக்கிறது. புழுவின் உடலுக்குள் வாழ்ந்து அதற்கு வலுக்கொடுக்கும் வோல்பாக்கியா என்ற பாக்டீரியாவை அழிக்க டாக்ஸிசைக்ளின். ஒவ்வொன்றின் பக்கவிளைவும் வேறு, வரும் நாளும் வேறு.

முதல் மாத்திரைக்கு முன்

சோதனை செய்யாமல் தடுப்பு மாத்திரையைத் தொடங்காதீர்கள். ஏழு மாதத்துக்கு மேற்பட்ட நாய் என்றால் இரத்தச் சோதனை கட்டாயம் தேவை. காரணம் எளிது: இரத்தத்தில் மைக்ரோஃபைலேரியா நிறைந்திருக்கும் நாய்க்கு மருந்தைக் கொடுத்தால் அவை கூட்டமாகச் சாகும். அந்த அதிர்ச்சியில் நாய் வெளிறி, துவண்டு, மூச்சிரைத்து விழக்கூடும்.

மணியின் இரத்தத்தில் ஒரு சொட்டைக் கண்ணாடித் தகட்டில் வைத்து மருத்துவர் எங்களை நுண்ணோக்கியில் பார்க்கச் சொன்னார். சிவப்பு அணுக்களுக்கு நடுவே தலைமுடித் துணுக்குபோல ஒன்று நெளிந்தது. அது நெளிய நெளியச் சுற்றியிருந்த அணுக்கள் இடித்துத் தள்ளப்பட்டன. ஒரு சொட்டில் மூன்று எண்ணினேன். அதனால்தான் அவனுடைய முதல் மாத்திரையை வீட்டுக்குக் கொடுத்தனுப்பவில்லை. ஒவ்வாமைத் தடுப்பு மருந்தும் ஸ்டீராய்டும் முன்கூட்டியே கொடுத்து, பிறகு மாத்திரை கொடுத்து, மாலைவரை மருத்துவமனையிலேயே வைத்துப் பார்த்தார்கள். இப்படிப்பட்ட நாயைக் குறைந்தது 8 மணி நேரமாவது கண்காணிக்க வேண்டும். உங்கள் நாய்க்கும் மைக்ரோஃபைலேரியா இருந்தால் இதைக் கேட்டு வாங்குங்கள்.

மருத்துவரிடம் மறைக்காமல் சொல்ல வேண்டியவை: வலிப்பு வந்த வரலாறு, வேறு கடையில் வாங்கிப் போட்ட உண்ணி மருந்து, மாட்டிறைச்சி போன்ற உணவு ஒவ்வாமை, அண்மையில் போட்ட தடுப்பூசி. வலிப்பைச் சொல்வது ஏன் முக்கியம் என்றால், இப்போது பல மாத்திரைகளில் இதயப்புழு மருந்தோடு உண்ணி மருந்தும் சேர்ந்தே வருகிறது. அஃபாக்ஸோலானர், சரோலானர் போன்ற அந்த வகை உண்ணி மருந்துகள் சில நாய்களுக்கு நடுக்கமும் வலிப்பும் உண்டாக்கலாம் என்று அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் 2018இல் எச்சரித்தது. பெரும்பாலான நாய்கள் அவற்றைத் தாங்கிக்கொள்கின்றன. ஏற்கெனவே வலிப்புள்ள நாய்க்கு இதயப்புழு மருந்து மட்டுமே உள்ள மாத்திரையைக் கேட்டுப் பெறலாம்.

மாத்திரை கொடுக்கும் நாள்

புதிய மருந்தை வாரநாளின் காலையில் கொடுங்கள். வெள்ளி இரவு கொடுத்துவிட்டுச் சனி விடியலில் வாந்தியோடு நிற்பதைவிட, மருத்துவமனை திறந்திருக்கும் பகல் முழுவதும் கையில் இருப்பது பெரிய ஆறுதல். அன்று புதிய தின்பண்டம் எதையும் கொடுக்காதீர்கள். எதனால் வயிறு கெட்டது என்ற குழப்பம் வராது.

சிறிது உணவோடு கொடுத்தால் வயிற்றுக் குமட்டல் குறையும். கடலை வெண்ணெயில் ஒளித்துக் கொடுப்பவர்கள் டப்பாவின் பின்பக்கத்தைப் படியுங்கள். சைலிட்டால் என்ற இனிப்பூட்டி சேர்ந்திருந்தால் அது நாய்க்கு நஞ்சு. மாத்திரையை விட அது கொடியது.

ஒரு சிறிய நோட்டுப்புத்தகம் போடுங்கள். எங்கள் நோட்டில் ஒரு பக்கம் இப்படி இருக்கிறது: 'காலை 7.40. முழு மாத்திரையும் தின்றான். 9.15 ஒருமுறை வாந்தி, மஞ்சள் நுரை, மாத்திரைத் துண்டு இல்லை. 11.00 தண்ணீர் குடித்தான். மாலை வழக்கம்போல் சாப்பிட்டான்.' மருத்துவமனைக்குத் தொலைபேசியில் பேசும்போது 'காலையிலிருந்து என்னவோபோல் இருக்கிறான்' என்பதை விட இந்த நான்கு வரி பத்து மடங்கு பயன்படும். கொடுத்து இரண்டு மணி நேரத்துக்குள் வாந்தி எடுத்தால் நீங்களாகவே மறுபடி கொடுத்துவிடாதீர்கள். கேட்டுவிட்டுக் கொடுங்கள்.

ஒருமுறை வாந்தி, இளகிய மலம், ஒருநாள் சோர்வு, சற்றுக் குறைந்த பசி ஆகியவற்றுக்குப் பொறுத்திருக்கலாம். தண்ணீர் வையுங்கள், உப்பில்லாத சாதமும் வேகவைத்த தோலில்லாக் கோழியும் கொஞ்சமாகக் கொடுங்கள். ஒரு நாளைத் தாண்டினாலோ, வாந்தி மீண்டும் மீண்டும் வந்தாலோ மருத்துவரை அழையுங்கள்.

முகம் வீங்குதல், உடம்பெங்கும் தடிப்பு, மூச்சுத் திணறல், ஈறு வெளுத்தல், தள்ளாட்டம், வலிப்பு ஆகியவற்றில் எது வந்தாலும் காத்திருக்கக் கூடாது. இவை அவசரம்.

முதுகில் ஊற்றும் வகை மருந்தாக இருந்தால் பின்கழுத்தில் நாக்கு எட்டாத இடத்தில், முடியை விலக்கித் தோலின்மேல் ஊற்ற வேண்டும். நக்கிவிட்டால் வாயில் நுரை தள்ளும், எச்சில் ஒழுகும். வாயைத் தண்ணீரால் கழுவிவிடுங்கள். காயும்வரை வீட்டிலுள்ள மற்ற விலங்குகளையும் குழந்தைகளையும் தள்ளியே வையுங்கள்.

தடுப்பு மருந்தை ஊசியாகவும் போடுகிறார்கள். ஆறு மாதமோ ஓராண்டோ உடம்பில் நிற்கும் மாக்ஸிடெக்டின் அது. மறதிக்காரர்களுக்கு வசதி என்றாலும், போட்ட பிறகு திரும்ப எடுக்க முடியாது. அந்த ஊசி போட்ட அன்று உடனே காரில் ஏறிக் கிளம்பாமல் அரை மணி நேரமாவது அங்கேயே உட்கார்ந்திருங்கள்.

ஐவர்மெக்டினும் வெள்ளைக் கால் நாய்களும்

ஜப்பானின் சடோஷி ஓமுரா மண்ணிலிருந்து எடுத்த நுண்ணுயிரிலிருந்து வந்தது ஐவர்மெக்டின். அவருக்கும் வில்லியம் கேம்ப்பெலுக்கும் இதற்காக 2015இல் நோபல் பரிசு கிடைத்தது. நல்ல மருந்துதான், ஆனால் அளவில் தவறினால் பொறுக்காது.

கோலி, ஆஸ்திரேலியன் ஷெப்பர்டு, ஷெட்லாண்டு ஷீப்டாக் போன்ற மந்தை நாய்களில் பலவற்றுக்கு எம்.டி.ஆர்.1 என்ற மரபணுவில் பழுது இருக்கும். மூளைக்குள் மருந்து புகாமல் வெளியே தள்ளும் காவல் அவற்றுக்கு வேலை செய்யாது. அமெரிக்கக் கோலிகளில் பத்துக்கு ஏழில் இது இருப்பதாகச் சொல்கிறார்கள். 'வெள்ளைக் கால் என்றால் கொடுக்காதே' என்ற பழைய எச்சரிக்கை இதனால் வந்தது. அந்தப் பழமொழியைக் கேட்டுப் பயந்து தடுப்பு மருந்தையே நிறுத்துகிறவர்கள் உண்டு. அது வேண்டாம். இதயப்புழுத் தடுப்புக்கான அளவு, கிலோவுக்கு 6 மைக்ரோகிராம், மிகச் சிறியது. முறையாகக் கொடுத்தால் அந்த நாய்களும் தாங்கும். சொறிக்குக் கொடுக்கும் அளவு இதைப்போல ஐம்பது மடங்குக்கு மேல். அவற்றுக்கு ஆபத்து அங்கேதான் இருக்கிறது. கன்னத்தின் உட்புறத்தைப் பஞ்சால் துடைத்து அனுப்பினால் மரபணுச் சோதனை செய்துவிடலாம்.

கால்நடைத் தீவனக் கடையில் விற்கும் மருந்துதான் எனக்கு உண்மையில் அச்சம் தருவது. குதிரைக்கான பசைக் குழாய் ஒன்றில் ஏறக்குறைய 113 மில்லிகிராம் ஐவர்மெக்டின் இருக்கிறது. பெரிய நாய்க்கான மாத மாத்திரையில் இருப்பது 272 மைக்ரோகிராம். அதாவது ஒரு குழாய் நானூறு மாத்திரைகளுக்கும் மேல். மாட்டுக்கான 1 சதவிகித ஊசி மருந்தில் 10 கிலோ நாய்க்கு வேண்டியது 0.006 மில்லி. சாதாரண ஊசிக்குழல் எதிலும் அதை அளக்க முடியாது. நம் ஊர்களிலும் இந்த மருந்தை உண்ணிக்கென்று கண்ணளவில் போடும் பழக்கம் இருக்கிறது. தயவுசெய்து அனுமதிக்காதீர்கள். பண்ணை வீட்டில் இருப்பவர்கள், குதிரைக்கு மருந்து கொடுத்தபின் கீழே சிந்திய பசையையும் சாணத்தையும் நாய் தொடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

கண்மணி விரிதல், எச்சில் வடிதல், குடித்தவன்போல் தள்ளாடுதல், பார்வை தெரியாமல் சுவரில் முட்டுதல், நடுக்கம் ஆகியவை நச்சேறியதன் அடையாளங்கள். சில மணி நேரத்தில் தொடங்கும். இதற்கு நேரான மாற்றுமருந்து இல்லை. ஆனால் உடனே கொண்டுபோனால் வயிற்றிலிருந்து வெளியேற்றவும், சிரைவழிக் கொழுப்புக் கரைசல் ஏற்றவும், மூச்சைத் தாங்கிக் காப்பாற்றவும் முடியும். வீட்டில் உப்புநீர் கொடுத்து வாந்தி எடுக்க வைக்காதீர்கள்.

டாக்ஸிசைக்ளின் மாதம்

அமெரிக்க இதயப்புழுச் சங்கம் வகுத்த முறைப்படி, சிகிச்சையின் முதல் 28 நாட்கள் நாளுக்கு இரண்டு வேளை டாக்ஸிசைக்ளின் கொடுக்கிறார்கள். குமட்டலும் பசியின்மையும் அதிகம் வருவது இந்த மாதத்தில்தான். இரண்டாம் வாரத்தில் மணி சாப்பாட்டுத் தட்டைப் பார்த்தாலே முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

ஊரிலிருந்து அம்மா, "தயிர்ச்சோற்றுக்குள் வைத்துக் கொடுத்துப் பாரேன், நம் பழைய மணி அப்படித்தானே தின்பான்" என்றார். நல்ல வேளையாகக் கேட்டுவிட்டுச் செய்தோம். பாலும் தயிரும் பாலாடைக்கட்டியும் டாக்ஸிசைக்ளினைப் பிடித்துக்கொண்டு உடம்பில் சேரவிடாமல் குறைக்கக்கூடியவை. இரும்புச் சத்து மருந்தும் வயிற்றுப்புண் மருந்தும் அப்படியே. தயிரில்லாத வெறும் சோற்றில் கோழிச்சாறு ஊற்றி, அதற்குள் மாத்திரையை வைத்ததும் தின்றான். வயிறு நிறைந்திருந்தால் குமட்டல் குறைவு. மாத்திரைக்குப் பின் தண்ணீர் குடிக்க வையுங்கள். தொண்டையில் தங்கினால் புண்ணாகும். இரண்டு நாட்கள் தொடர்ந்து சாப்பிடவில்லை என்றால் மருத்துவர் வாந்தித் தடுப்பு மருந்து சேர்ப்பார், அளவைப் பிரிப்பார். நாமாக நிறுத்தக் கூடாது. புழு பலவீனமாகிச் சாவதற்கும் வலுவோடு சாவதற்கும் உள்ள வேறுபாட்டை நாய்தான் பின்னால் அனுபவிக்கும்.

ஊசிக்குப் பின்

மெலார்சோமின் ஆர்சனிக் சேர்ந்த மருந்து. இடுப்பின் பக்கத்து முதுகுத் தசையில் ஆழமாகப் போடுவார்கள். சிகிச்சை தொடங்கி ஏறக்குறைய 60ஆம் நாளில் முதல் ஊசி, 90ஆம் நாளில் இரண்டாவது, மறுநாளே மூன்றாவது.

ஊசி போட்ட இடம் வலிக்கும். மூன்றில் ஒரு நாய்க்கு வீக்கமோ தொட்டால் துடிக்கும் வலியோ வரும். மணி முதல் நாள் மாலை படுக்கவே மறுத்தான். நிற்கும், காலை மடக்கும், வலித்து மறுபடி நிமிரும். அவன் கூண்டில் தடித்த மெத்தையாகப் போட்ட பிறகு பக்கவாட்டில் சாய்ந்தான். அந்த இடத்தைத் தடவாதீர்கள், நீவிவிடாதீர்கள், இடுப்பைப் பிடித்துத் தூக்காதீர்கள். வலிமருந்து மருத்துவர் தந்ததாக இருக்கட்டும். மனிதருக்கான இபுப்ரோஃபென், ஆஸ்பிரின் எதுவும் வேண்டாம். ஊசிக்குப்பின் கொடுக்கும் ஸ்டீராய்டோடு அவை சேர்ந்தால் குடலில் இரத்தக் கசிவு ஏற்படலாம்.

இந்த வலி சில நாட்களில் போய்விடும். நாய் வாலாட்டும், கதவருகே போய் நிற்கும். நாமும் மனமிளகுவோம். எல்லாவற்றிலும் ஆபத்தான நாட்கள் அப்போதுதான் தொடங்குகின்றன. செத்த புழுக்கள் துண்டு துண்டாக உடைந்து நுரையீரலின் சிறு தமனிகளில் போய் அடைக்கும். ஊசி போட்ட 7 முதல் 10 நாட்களில் இது உச்சத்தில் இருக்கும். நான்கு வாரம்வரை வரலாம். நாய் ஓடினால், குதித்தால், பரபரத்தால் இதயம் வேகமாக இரத்தத்தைத் தள்ளும், அடைப்பு மோசமாகும். எனவே ஓய்வைத்தான் இந்தச் சிகிச்சையில் நீங்கள் கொடுக்கும் மருந்தாக நினைக்க வேண்டும். நோய் உறுதியான அன்றே ஓட்டத்தைக் குறைத்து, ஊசியிலிருந்து கட்டாயமாக்கி, கடைசி ஊசிக்குப் பின் 6 முதல் 8 வாரம்வரை தொடர வேண்டும்.

எங்கள் வீட்டில் செய்தவை: கூண்டை வரவேற்பறையில், ஆட்கள் இருக்கும் இடத்தில் வைத்தோம். தனியறையில் வைத்தால் குரைத்தே களைத்துவிடுவான். அழைப்பு மணியைக் கழற்றினோம். வெளியே போவது சிறுநீர் மலத்துக்கு மட்டும், அதுவும் குட்டையான கயிற்றில். மாடிப்படிக்குக் குறுக்கே தடுப்பு. உணவைத் தட்டில் வைக்காமல் உள்ளீடற்ற ரப்பர் பொம்மைக்குள் அடைத்து உறைய வைத்துக் கொடுத்தோம். நக்கித் தின்ன முக்கால் மணி நேரம் ஆகும். ஊசித் தேதியை அமெரிக்கச் சுதந்திர தினமான ஜூலை 4 வெடிச் சத்தத்திலிருந்து மூன்று வாரம் தள்ளிக் கேட்டு வாங்கினோம். அமைதி அடையாத நாய்க்கு மருத்துவர் மயக்கம் தராத அமைதி மருந்து எழுதித் தருவார். அதைக் கேட்பதில் குற்ற உணர்வு வேண்டாம்.

ஊசிக்குப்பின் நான்கு வாரம் படிப்படியாகக் குறைத்துக் கொடுக்கும் பிரெட்னிசோன் என்ற ஸ்டீராய்டு மாத்திரையால் தாகமும் பசியும் சிறுநீரும் பெருகும். தண்ணீரைக் குறைக்காதீர்கள். வெளியே கூட்டிப்போவதைக் கூட்டுங்கள். இரவு ஒருமுறையாவது எழ வேண்டியிருக்கும். பசிக்குத் தின்னக் கொடுத்து எடையேற்றிவிடாதீர்கள். திடீரென நிறுத்தவும் கூடாது.

தினமும் இரவு நாய் ஆழ்ந்து தூங்கும்போது மூச்சை எண்ணுங்கள். விலா ஏறி இறங்குவது ஒன்று. 30 வினாடி எண்ணி இரண்டால் பெருக்குங்கள். 30க்குள் இருப்பது நல்லது. உதட்டைத் தூக்கி ஈறை விரலால் அழுத்தி விடுங்கள். வெளுத்த இடம் இரண்டு வினாடிக்குள் சிவக்க வேண்டும். கறுத்த ஈறுள்ள நாய்க்குக் கண்ணிமையின் உட்புறத்தைப் பாருங்கள்.

மணியின் கணக்கு 22, 24, 22, 26 என்றே போய்க்கொண்டிருந்தது. இரண்டாம் கட்ட ஊசிக்குப் பின் ஒன்பதாம் நாள் இரவு 44. ஈறு சோறு கொதிக்கும் நீர்போல வெளிறியிருந்தது. ஒரு வறட்டு இருமல், பிறகு இன்னொன்று. துணியில் இளஞ்சிவப்பாக ஒரு சொட்டு. பத்து நிமிடத்தில் காரில் இருந்தோம். அவனை நடக்கவிடவில்லை, போர்வையில் வைத்து இருவரும் தூக்கிப்போனோம். அவசர மருத்துவமனையில் ஆக்ஸிஜன் கூண்டும் ஸ்டீராய்டும் இரண்டு நாள் ஓய்வும். மூன்றாம் நாள் மூச்சு 28க்கு வந்தது. முந்தைய நாட்களின் எண்கள் நோட்டில் இல்லாதிருந்தால் 'தூக்கத்தில் கனவு காண்கிறான்' என்று விட்டிருப்பேன்.

இந்த நாட்களில் இருமல், காய்ச்சல், இரத்தம் கலந்த சளி, மயக்கம், உணவை மறுத்துச் சுருண்டு கிடத்தல், எதுவானாலும் விடியும்வரை பொறுக்காதீர்கள். அவசர மருத்துவமனையின் எண்ணையும் வழியையும் ஊசி போடும் முன்பே எழுதிக் குளிர்ப்பெட்டியில் ஒட்டிவையுங்கள்.

பூனை இருந்தால்

பூனைக்கு மெலார்சோமின் போடுவதில்லை. ஒரு புழு செத்தாலே உயிருக்கு ஆபத்தாகலாம். எனவே தடுப்பு மருந்துதான் அதற்கு முழுப் பாதுகாப்பு. டாக்ஸிசைக்ளின் மாத்திரையை உலர்வாகத் தொண்டையில் போட்டுவிடாதீர்கள். பூனையின் உணவுக்குழாய் புண்ணாகிச் சுருங்கிவிடும். ஊசிக்குழலில் 5 மில்லி தண்ணீர் பின்னாலேயே கொடுங்கள். நாய்க்கான பெர்மெத்ரின் கலந்த சொட்டு மருந்து பூனைக்குக் கொடிய நஞ்சு. ஒரே வீட்டில் இரண்டும் இருந்தால் டப்பாக்களைத் தனித்தனி அலமாரியில் வையுங்கள்.

ஓய்வு முடிந்த பிறகு

மருத்துவர் சொன்ன அன்றே பூங்காவில் அவிழ்த்துவிடாதீர்கள். நாங்கள் முதல் வாரம் ஐந்து நிமிடம், அடுத்த வாரம் பத்து என்று நடக்க வைத்தோம். ஒவ்வொரு நடைக்குப் பின்னும் மூச்சை எண்ணினோம். மாத மாத்திரை மட்டும் இடையில் நிற்கவே கூடாது. சிகிச்சையில் இருக்கும் நாயையும் கொசு கடிக்கும்.

மூன்றாவது ஊசிக்கு ஒரு மாதம் கழித்து மைக்ரோஃபைலேரியா சோதனை, ஒன்பது மாதம் கழித்து ஆன்டிஜன் சோதனை, அதாவது வளர்ந்த புழுவின் புரதத்தை இரத்தத்தில் தேடும் சோதனை. முன்கூட்டியே செய்தால் செத்த புழுவின் எச்சம் பொய்யாகப் பாசிட்டிவ் காட்டி வீணாகக் கலங்க வைக்கும். மூன்றாவது ஊசி போட்டுவிட்டு வீட்டுக்குத் திரும்பும் அன்றே இரண்டு தேதிகளையும் நாட்காட்டியில் குறித்துவிடுங்கள்.